திருப்பி வைத்த சர்ச்சில் படம்

அன்புள்ள அத்தாவுக்கு, லண்டனிலிருந்து ஹம்னாவின் ஸலாம். மூட்டு வலியைச் செங்கல்பட்டு டாக்டரிடம் காட்டினீர்களா? நான் சுகம். ஒரு தப்பு செய்தேன், அவ்வளவுதான்.

இங்கே முதியோர் இல்லத்தில் நான் பார்த்துக்கொள்ளும் ஆர்தருக்குத் தொண்ணூற்று மூன்று வயது. அவர் மதியம் தூங்கும்போது அந்த அறையிலேயே லுஹர் தொழுவேன். நான் முகம் வைத்துத் தொழும் கிப்லா பக்கம் மேசைமேல் சர்ச்சில் படம். தொழும்போது எதிரே உருவம் கூடாதே என்று சுவர் பக்கம் திருப்பி வைப்பேன்; போன வாரம் ஒரு நாள் நேரே வைக்க மறந்துவிட்டேன்.

விழித்தவர் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். “இவர் ஆட்சியில் வங்காளப் பஞ்சத்தில் அத்தனை பேர் செத்தார்களே, அந்தக் கோபமா? உனக்கு உரிமை இருக்கிறது. ஆனால் குண்டு விழுந்த நாட்களில் ரேடியோவில் இவர் பேசினால்தான் என் அம்மாவுக்குக் கை நடுக்கம் நிற்கும்” என்றார். எனக்கு அந்தப் பஞ்சம் நினைவிலேயே இல்லை, அத்தா. வெட்கமாகிவிட்டது. தொழுகைக்காகத் திருப்பினேன் என்று சொன்னேன்.

புதுப்பட்டினத்திலிருந்து யாராவது வந்தால் நெத்திலிக் கருவாடு கொடுத்தனுப்புங்கள். உங்கள் குரலையும் போனில் பதிந்து அனுப்புங்கள். “இன்னாம்மா, தொழுதியா?” என்று கேட்டால் போதும்.

இங்கே அதைக் கேட்க ஆளில்லை. ஆனால் இப்போதெல்லாம் ஒரு மணிக்கு நான் உள்ளே போகும்போது, ஆர்தர் தூங்காமல் உட்கார்ந்திருக்கிறார். படம் ஏற்கெனவே திரும்பியிருக்கிறது.

அழைப்பு மணி அடிக்கிறது, ஓடுகிறேன்.
ஹம்னா