பூலாம்பாடியிலிருந்து வந்த வேட்டி துண்டு

என் வாய்க்கும் சேர்த்துப் பேசிவந்த அப்பாவுக்கு,

உங்கள் கருமாதி நேற்று நல்லபடியாக முடிந்தது. நடந்ததைச் சொல்கிறேன், நல்லபடியா இல்லையா என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள்.

பந்தலுக்கு முன்னால் ஒரு வேன் வந்து நின்றது. பத்துப் பன்னிரண்டு பேர் இறங்கினார்கள். முன்னால் வந்த ஓர் அம்மாவின் கையில் தாம்பாளம், அதில் புது வேட்டியும் துண்டும்.

"பூலாம்பாடியிலேருந்து வரோங்க. பேசி முடிக்கலன்னாலும் சம்பந்தி மொறைய வுடக் கூடாதுல்ல. மாப்ள எங்கங்க? தலையில உருமா கட்டணும்."

உங்களுக்கு இருப்பது நான் ஒருத்திதான். அம்மா என் காதருகே குனிந்து, "ஒங்கப்பாரு எனக்குத் தெரியாம எங்கியாவது மவன் வச்சிருந்தாராடி?" என்றாள்.

அந்த அம்மாவுக்குப் பின்னால் சேலையில் நின்ற பெண்ணைப் பார்த்ததும் எனக்குப் புரிந்துவிட்டது. நீங்கள் சொல்ல நான்தானே நோட்டில் எழுதினேன்: முத்துலட்சுமி, பூலாம்பாடி. ஓடும் ஆட்டை ஒரே பிடியில் நிறுத்துகிறாள். கணுக்கால் அசையவில்லை.

ஜில்லா கபடி டீமில் எட்டாவது ஆளாகவே உட்கார்ந்திருந்தீர்கள். ஒருவனுக்கு அடிபட்டதால் களத்தில் இறங்கி, மூன்றாவது ஆட்டத்திலேயே முட்டியை உடைத்துக்கொண்டீர்கள். பிறகு டீமுக்கு ஆள் தேடி ஊர் ஊராகப் போனீர்கள். ஆனால் எந்த வீட்டிலும் முதல் நாளில் கபடியைப் பற்றி வாயைத் திறக்க மாட்டீர்கள். "எடுத்ததும் சொன்னா வெரட்டிருவாங்க பாப்பா, பழகிட்டுதான் சொல்லணும்" என்பீர்கள்.

வெள்ளை வேட்டியில் போய் உட்கார்ந்து, பெண்ணின் வயதையும் உயரத்தையும் கேட்டு, தண்ணீர் கொண்டுவரச் சொல்லி நடையைப் பார்த்து, கேசரியும் சாப்பிட்டுவிட்டு, "அடுத்த வாட்டி நல்ல சேதியோட வரேன்" என்று எழுந்துவந்தால் அவர்கள் வேறு என்ன நினைப்பார்கள் அப்பா? அடுத்த முறை போவதற்குள் உங்களுக்கு நெஞ்சுவலி வந்துவிட்டது.

அரியலூரில் வரும் ஞாயிற்றுக்கிழமை பெண்கள் அணிக்குத் தேர்வு. "எப்படியாவது அந்தப் புள்ளைய அனுப்பிரு" என்று ஆஸ்பத்திரிக் கட்டிலிலும் என்னிடம் சொன்னீர்கள். வகுப்பில் எழுந்து வாசிக்கச் சொன்னதற்குப் பயந்தே பள்ளிக்கூடத்தை விட்டவள் நான். தாம்பாளத்தைப் பார்த்தபடியே சொன்னேன்.

"அப்பாவுக்கு மவன் இல்லீங்க. ஒங்க பொண்ண அவரு கபடிக்குப் பாத்தாருங்க."

யாரோ சிரித்துவிட்டார்கள். என் அம்மாதான் என்று நினைக்கிறேன்.

"அப்பவே நெனச்சேன்" என்றார் அந்த அம்மா. "ஒசரம் கேட்டாரு, சரி. எடை எதுக்குன்னு." பிறகு மகள் பக்கம் திரும்பினார். "ஒனக்குத் தெரியுமாடி?"

"தெரியும். கொல்லையில ஆடு புடிக்கிறப்ப எங்கிட்ட சொன்னாரு."

"பின்ன ஏன்டி வாயத் தொறக்கல?"

"கபடின்னா வேன் புடிச்சு வந்திருப்பியா?"

நீங்கள் இருந்திருந்தால் அவளை எழுந்து கும்பிட்டிருப்பீர்கள். ஞாயிற்றுக்கிழமை அரியலூரில் தேர்வு என்பதையும் அவளே சொல்லிவிட்டாள். அந்த அம்மாவுக்கோ முகம் சிவந்துவிட்டது. "பொட்டப்புள்ளைய அரியலூருக்குத் தனியா எவ அனுப்புவா?" என்றார்.

"நான் கூடப் போறேங்க" என்றேன்.

"நீயா? நீ பேசுறதே எனக்குக் கேக்கல."

"நான் கூடப் போறேங்க." இந்த முறை வேன் டிரைவர்கூடத் திரும்பிப் பார்த்தார்.

அந்த அம்மா என்னை மேலும் கீழும் பார்த்தார். பிறகு துண்டை எடுத்து உதறினார். "கொண்டாந்தத திருப்பி எடுத்துட்டுப் போவ முடியாது. குனிடி." உருமா என் தலையில் ஏறிவிட்டது அப்பா. பெரிய மனிதர்கள் ஏதோ முணுமுணுத்தார்கள். காதை மூடியிருந்ததால் எனக்குச் சரியாகக் கேட்கவில்லை.

ஞாயிறு காலை முதல் பஸ்ஸில் அவளும் நானும் போகிறோம். அவளை எடுப்பார்களோ மாட்டார்களோ, தெரியாது. ஆனால் ஒரு வாக்கு தருகிறேன். இனி நான் எந்த வீட்டுக்கு ஆள் தேடிப் போனாலும், செருப்பைக் கழற்றும் முன்பே கபடி என்று சொல்லிவிடுவேன். அவர்களுக்குக் கேட்கும்படி சொல்வேன்.

இப்படிக்கு,
உங்கள் ஒரே பிள்ளை,
செல்வி