பன்னெண்டாவது பெட்டி

திருத்தங்கல்
22.9.2007

அன்பு மகன் காளீஸ்வரனுக்கு அம்மா எழுதுறது. சிங்கப்பூர்ல நீ சுகமா இருக்கணும், அதை மாரியம்மா பாத்துக்கிடுவா. நாங்களும் சுகம்னு எழுதத்தான் பேனாவை எடுத்தேன், பொய் எழுதக் கை வரமாட்டேங்குது. உங்கய்யாவைப் பட்டாசுக் கம்பெனியில வேலைய விட்டு நிப்பாட்டிட்டாக, அதுவும் தீபாவளி சீசன் நேரத்துல, இருபத்திரண்டு வருசம் போர்மேனா இருந்தவுகளை. எல்லாம் லீவுல வந்த உன் கூட்டாளி ஆசிப் கையில நீ குடுத்துவிட்ட அந்த வீடியோ கேம் பொட்டியால வந்தது.

அது வந்த நாள்லயிருந்து வீடு வீடா இல்லலே. தொப்பி போட்ட ஒருத்தன் குகைக்குள்ள இறங்கி, சாவி தேடி, பாம்புக்குத் தப்பிப் புதையல் பெட்டியத் தொறக்கணுமாம், அப்படிப் பன்னெண்டு பெட்டியாம். ஆசிப் ஒரு நாள் உக்காந்து சொல்லிக்குடுத்துட்டுப் போனான், அம்புட்டுத்தான், உங்கய்யா சோறு தண்ணி மறந்துட்டாக. பிரஸ்ல கழிச்சுப் போட்ட பட்டாசு லேபிளுக்குப் பின்னால குகைக்கு வழி வரைஞ்சு செவரெல்லாம் ஒட்டி வச்சிருக்காக, வாரவுக கேட்டா நான் என்னத்தச் சொல்ல. உங்கய்யா யாருன்னு உனக்குத் தெரியும்ல. காலையில கம்பெனி கேட்டுல நின்னு ஒவ்வொருத்தர் மடியையும் பையையும் சோதிச்சு, பீடி, தீப்பெட்டி, செல்போன் எல்லாத்தையும் வாங்கி வச்சுட்டு உள்ள விடுறவுக. நைலான் சேலை உரசுனா பொறி பறக்கும்னு, அதைக் கட்டி வந்த உன் அத்தை மக மாரிசெல்வியவே, தங்கச்சி மகளுன்னுகூடப் பாக்காம வீட்டுக்குத் திருப்பி அனுப்புனவுக. அப்பேர்ப்பட்டவுக பேட்டரி போட்ட பொட்டியத் தூக்குவாளிக்கு அடியில ஒளிச்சு உள்ள கொண்டுபோயிருக்காக. அவுக பையைச் சோதிக்க அங்கன யாரு இருக்கா. மத்தியானம் ஆடிட்டு, ஆட்டத்தை நிப்பாட்டாம, வாட்ச்மேன் கண்ணுல படக் கூடாதுன்னு வெடிமருந்து அடைக்கிற ரூம் கதவுக்குப் பின்னால பையை வச்சிருக்காக. கொஞ்ச நேரத்துல பைக்குள்ள இருந்து பாட்டுச் சத்தம் வந்திருக்கு. உள்ள இருந்த மாரிசெல்வியும் இன்னும் மூணு பொம்பளைகளும் போட்டது போட்டபடி ஓடி முள்ளுல விழுந்து எந்திரிச்சிருக்காக. ஒண்ணும் ஆகலை. ஆகியிருந்தா அடையாளம் சொல்ல வளையல்கூட மிஞ்சியிருக்காது. மாரிசெல்வி இப்ப என்னைக் கண்டா முகத்தத் திருப்பிக்கிட்டுப் போறா, அவ செய்யிறது ஞாயம்தான்.

உமக்குப் புத்தி கெட்டுப்போச்சான்னு கேட்டேன். அதுக்குச் சொல்லுதாக, நீ போன்ல சொன்னியாம், பன்னெண்டாவது பெட்டியத் தொறக்குற அன்னிக்கு நான் அங்கன நிப்பேன்யா, தீபாவளி உங்க கூடத்தான்னு. நாலு தீபாவளியா வாரேன் வாரேன்னு சொல்லிட்டுக் கடைசியில லீவு இல்லைன்னவன் நீ. வாய்க்கு வந்ததைச் சொல்லிட்டுப் போனை வச்சுட்ட. அவுக அதை நம்பி, வெரசா முடிக்கணும்னு சாப்பாட்டு நேரத்தைக்கூட விடாம ஆடியிருக்காக. அந்த மனுசன் மேல எனக்கு ஆத்திரம் அடங்கலை, உன் மேல அதைவிட.

முந்தாநேத்து அந்தப் பன்னெண்டாவது பெட்டியையும் தொறந்துட்டாக. முகத்துல சந்தோசம் ஒண்ணும் காணோம். சட்டைய மாட்டிக்கிட்டு பஸ் ஸ்டாப் வரைக்கும் போயி நின்னுட்டு வந்தாக. நேத்தும் போனாக. இந்தா, நான் இதை எழுதுறப்பவும் அங்கனதான் நிக்காக.

நல்லா இரு, நோய்நொடி இல்லாம இரு, வேளைக்குச் சாப்பிடு. டிக்கெட் போட்டா எனக்குச் சொல்லாத, உங்கய்யாகிட்டச் சொல்லு. போடலைன்னா அதையும் நீயே அவுககிட்டச் சொல்லு, என்னால ஆகாது.

இப்படிக்கு,
கோவம் தீராத உன் அம்மா
வள்ளித்தாய்