டைட்டில்: ஸ்ரீமதி

ஜூன் 16, திங்கள்

படிவம் வாங்கி வந்தேன். பார்வையில்லாத மாணவர்களுக்குப் பாடம் படித்துக் காட்ட, பரீட்சையில் அவர்கள் சொல்லச் சொல்ல எழுத, பல்கலைக்கழகத்தில் ஆள் தேடுகிறார்கள். சம்பளம் கிடையாது. ஓய்வு பெற்று ஆறு வாரம் ஆகிறது, அலமாரியை மூன்று தடவை அடுக்கியாயிற்று. இனி அடுக்க ஒன்றுமில்லை.

எட்டுப் பக்கப் படிவம். மருத்துவர் சான்று, தாணாவிலிருந்து (இங்கே போலீஸ் ஸ்டேஷனுக்கு அதுதான் பேர்) போலீஸ் சான்று, கூட வேலை பார்த்த ஒருவரின் நற்சான்று, எழுத்துத் தேர்வு, நேர்காணல். இலவசமாக உழைப்பதற்கு இத்தனை! ஆனால் எஸ்டாப்ளிஷ்மென்ட் செக்‌ஷனில் முப்பத்திரண்டு வருஷம் ஊரார் படிவத்தில் தப்புக் கண்டுபிடித்தவள் நான். இதெல்லாம் எனக்கு ஜுஜுபி. டீ ஆறுவதற்குள் ஏழு பக்கம் முடித்தேன்.

பன்னிரண்டாம் கட்டம் மட்டும் பாக்கி.

ஜூன் 17

"பணிக்காலத்தில் உங்கள் மீது ஒழுங்கு நடவடிக்கை எடுக்கப்பட்டதா? ஆம் / இல்லை. ஆம் எனில் விவரம்." விவரத்துக்கு நாலு கோடு போட்டிருக்கிறார்கள்.

ராஜ்மோகன். நாசமாய்ப் போக.

ஜூன் 19, வியாழன்

அனன்யா சொல்கிறாள், "இல்லைன்னு டிக் பண்ணிட்டுப் போம்மா. கே தேக்பே? யாரு பாக்கப் போறா?" இந்த வங்காள ஊரிலேயே வளர்ந்த என் பெண்ணுக்குத் தமிழைவிட வங்காளம்தான் முதலில் வருகிறது. பொய் சொல்வதில் மட்டும் இரண்டு மொழியிலும் தாராளம்.

யாரும் பார்க்க மாட்டார்கள் என்பது எனக்கும் தெரியும். அதற்காக நான் ஏன் இல்லை என்று எழுத வேண்டும்? எழுதினால் அந்த ஆள் தப்பித்துக்கொள்கிறான். நடந்தது நடந்ததுதான்.

2011, ஆகஸ்ட். அட்டெண்டர் வேலாயுதம் ஓய்வு பெற நாலு மாசம் இருக்கும்போது அவருடைய சர்வீஸ் புத்தகத்தை (பென்ஷனுக்கு அதுதான் ஆதாரம்) வீட்டில் வைத்துப் பார்த்து முடிக்கிறேன் என்று ராஜ்மோகன் கேட்டார். என் மேலதிகாரி. ரெஜிஸ்டரை எடுத்தேன், யார் எந்தப் புத்தகத்தை வெளியே கொண்டுபோனாலும் அதில் எழுதிக் கையெழுத்து வாங்குவது வழக்கம். "நமக்குள்ள எதுக்கும்மா ரெஜிஸ்டர்?" என்றார். அந்த ஆபீஸில் தமிழ் பேசுகிறவர்கள் நாங்கள் மூன்றே பேர் - அவர், நான், வேலாயுதம். நமக்குள்ள. மூடிவிட்டேன். ஒரு வங்காளி கேட்டிருந்தால் கையெழுத்து வாங்காமல் விட்டிருப்பேனா? மாட்டேன்.

புத்தகம் தொலைந்தது. டாக்ஸியில் விட்டாரோ எங்கே விட்டாரோ. ரெஜிஸ்டரில் வெளியே போனதாக இல்லை என்றால் என் அலமாரியில்தானே இருக்க வேண்டும்? எனக்கு மெமோ. கையெழுத்துப் போட்டவர் அவரேதான். அன்றைக்கு வராந்தாவில், மற்றவர்களுக்குப் புரியாது என்ற தைரியத்தில் தமிழில் சொன்னார்: "வாயைத் திறக்காம இரு. ரெண்டு மாசத்துல எல்லாரும் மறந்துடுவாங்க."

அந்த வருஷம் எனக்கு வர வேண்டிய சூப்பரின்டென்டென்ட் பதவி இன்னொருத்திக்குப் போயிற்று. அதன் பிறகு வரவேயில்லை. உட்கார்ந்த நாற்காலியிலேயே ஓய்வு பெற்றேன்.

ஆம் என்று டிக் போட்டேன். பேனா தாளைக் கிழிக்காத குறை.

ஜூன் 23

நாலு கோடு போதவில்லை. இணைப்பு: மூன்று பக்கம், மெமோ நகலுடன். "திரு. ராஜ்மோகன்" என்ற பேர் பதினேழு இடத்தில் வருகிறது. எண்ணிப் பார்த்தேன், இன்னும் இரண்டு சேர்க்கலாம்.

ஜூலை 4, வெள்ளி

எழுத்துத் தேர்வு. பக்கத்தை வாசிக்க வாசிக்க எழுத வேண்டும், நிறுத்தச் சொல்லக் கூடாது. எழுதினேன். கண், காது பரிசோதனையும் முடிந்தது. மண்டல் பாபு (அங்கே படிவம் வாங்கும் குமாஸ்தா, கழுத்தில் மப்ளர், ஜூலையில்!) என் கையெழுத்தைப் பார்த்து "பாஹ்!" என்றார்.

ஜூலை 22, செவ்வாய்

அவமானம்.

போலீஸ் சான்று திரும்பி வந்துவிட்டது. "இந்த விலாசத்தில் இப்படி ஒருவர் இல்லை." நான் இல்லையாம்! தாணாவிலிருந்து ஆள் வந்து கீழ்வீட்டில் "சுலோசனா ஸ்ரீமதி யார்?" என்று கேட்டிருக்கிறார். கீழ்வீட்டுப் பெண், பௌதி என்று கூப்பிடுவேன், "இங்கே ஸ்ரீமதி யாரும் கிடையாது, மேலே ஒரு மஹாதேவன் குடும்பம்தான் இருக்கிறது" என்று சொல்லி அனுப்பிவிட்டாள்.

நடந்தது என்ன என்றால்: படிவத்தில் பேருக்குப் பக்கத்தில் "டைட்டில்" என்று ஒரு கட்டம். நான் "ஸ்ரீமதி" என்று எழுதினேன். இந்த ஊரில் டைட்டில் என்றால் குடும்பப் பேர் - பானர்ஜி, மண்டல், தாஸ். இருபத்தாறு வருஷமாக இங்கே இருக்கிறேன், மீன்காரி முதல் டாக்டர் வரை "டைட்டில் கீ?" என்று கேட்டிருக்கிறார்கள், சொல்லியும் இருக்கிறேன். வாயால் கேட்டால் புரிந்திருக்கும். இங்கிலீஷ் அச்சில் பார்த்ததும் புத்தி ஆபீசுக்குப் போய்விட்டது, அங்கே டைட்டில் என்றால் பேருக்கு முன்னால் போடுகிற மரியாதை. நமக்கு ஏது குடும்பப் பேர், இருப்பது ஒரு இனிஷியல்.

வீட்டுக்காரர் பேரைப் போட வேண்டிய இடத்தில் ஸ்ரீமதியைப் போட்டிருக்கிறேன். மஹாதேவன் உயிரோடு இருந்திருந்தால் ஒரு வாரம் சிரித்திருப்பார். எஸ்டாப்ளிஷ்மென்ட் சிங்கம் என்று அவர்தான் கூப்பிடுவார்.

ஆகஸ்ட் 8

அலிப்பூர் கோர்ட். மழை, சேறு, வரிசை. "சுலோசனா ஸ்ரீமதியும் சுலோசனா மஹாதேவனும் ஒருவரே" என்று சத்தியம் செய்து தர வேண்டும். டைப் அடிக்கிறவர் சிரிப்பை அடக்கிக்கொண்டே அடித்தார். நோட்டரி சாப்பிடப் போய்விட்டார். நாளை மறுபடி.

ஆகஸ்ட் 19

மூன்றாவது நடை. முத்திரை விழுந்தது. முழங்கால் வீங்கியிருக்கிறது.

செப்டம்பர் 3, புதன்

தாணாச் சான்று வந்தது, நாற்பத்து மூன்று நாள் கழித்து. நேர்காணலும் இன்றைக்கே. சர்பாணி தி (தி என்றால் அக்கா) என்று ஒரு பேராசிரியை, ஐம்பது வயதிருக்கும். என் இணைப்பு மூன்று பக்கத்தையும் படித்திருந்தார். "இருபது வருஷத்தில் இந்தக் கட்டத்தில் ஆம் என்று எழுதிய ஒரே ஆள் நீங்கள்தான்" என்றார். "ஏன் எழுதினீர்கள்?"

பழிவாங்க என்று சொல்ல முடியுமா? "நடந்தது என்பதால்" என்றேன்.

சேர்த்துக்கொண்டார்கள். உறுதிமொழித் தாளில் கையெழுத்து. ஆறாவது விதி: மாணவர் சொல்வதை மட்டும் எழுதுவேன், பிழையிருந்தாலும் திருத்த மாட்டேன்.

செப்டம்பர் 20, சனி

வந்ததும் நோட்டை எடுத்துவிட்டேன். இன்றைக்கே எழுதிவிட வேண்டும்.

கரியாஹாட் கடைத்தெருவில் பூஜைக்குத் துணி வாங்கும் கூட்டம். ஒரு கடையில் அனன்யாவுக்குச் சுடிதார் பார்த்துக்கொண்டிருந்தேன். "அட, சுலோசனாம்மா!" திரும்பினால் - ராஜ்மோகன். பதினாலு வருஷத்தில் முடி மட்டும்தான் போயிருக்கிறது. ஆள் நன்றாக இருக்கிறார். நன்றாக!

"ரிடையர் ஆயிட்டியாமே? யூனிவர்சிட்டில எழுதிக் குடுக்கப் போறேன்னு கேள்விப்பட்டேன். நானும் மனு போட்டிருக்கேம்மா. பொண்ணு வெளிநாடு போயிட்டா, வீட்ல சும்மா உக்காந்திருக்க முடியல. கூட வேலை பாத்தவங்க பேரு ஒண்ணு வேணும்னாங்க. உன்னை விட்டா எனக்கு யாரும்மா இருக்கா இந்த ஊர்ல? போட்டுட்டேன். நல்லவிதமா நாலு வார்த்தை எழுதிடு."

வேஷம் போடுகிறாரோ என்று, "வேலாயுதத்தை ஞாபகம் இருக்கா சார்?" என்றேன்.

"யாரு... ஓ, டீ வாங்கிட்டு வருவாரே, அவரா? எப்படி இருக்காரு?"

மறந்துவிட்டார். நடிப்பில்லை, எனக்குத் தெரியும், பத்து வருஷம் அந்த முகத்துக்கு எதிரே உட்கார்ந்திருக்கிறேன். நிஜமாகவே மறந்துவிட்டார். நான் தினம் தினம் எடுத்து எடுத்து வைத்துப் பார்த்த ஒன்று அந்த ஆளிடம் இல்லவே இல்லை. மன்னிப்புக் கேட்காதவனைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். எல்லாரும் மறந்துடுவாங்கன்னியே, பாவி, மறந்தது நீ ஒருத்தன்தானேடா!

நான் என்ன சொன்னேன்? "சரிங்க சார்" என்றேன். இந்த வாயை என்ன செய்வது? பழக்கம், பழக்கம்.

சுடிதார் வாங்கவில்லை.

அக்டோபர் 8, புதன்

பூஜை விடுமுறை முடிந்து நற்சான்றுப் படிவம் வந்தது. ஐந்தாம் கேள்வி: "பிறருடைய ஆவணங்களை இவரை நம்பிக் கொடுக்கலாமா?"

அட்ரா சக்கை. பதினாலு வருஷமாக இந்தக் கேள்வியை என்னிடம் யாராவது கேட்க மாட்டார்களா என்று இருந்தேன்.

எழுதியது, அப்படியே: "நேரம் தவறாதவர். கையெழுத்து அழகு. 2011-இல் ஒரு சர்வீஸ் புத்தகத்தை வீட்டுக்கு எடுத்துப் போய்த் தொலைத்தார். தொலைத்தவள் நான் என்று எழுதிக் கையெழுத்திட்டார். மெமோ நகல் என் கோப்பில், பக்கம் 11."

அனன்யா படித்துவிட்டு, "அந்த ஆளுக்கு எழுபது வயசும்மா. சாடோ நா" என்றாள். விட வேண்டுமாம். அதே நாற்காலியில் பதினாலு வருஷம் இவளா உட்கார்ந்திருந்தாள்? மீன்குழம்பு அடிபிடித்தது. அதையே சாப்பிட்டோம்.

அக்டோபர் 27, திங்கள்

போன் வந்தது.

"என்னம்மா இப்படி எழுதிட்டே?"

"உண்மைதானே சார்."

வேலாயுதம் ஞாபகத்துக்கு வந்திருக்க வேண்டும்.

"அது... அவ்வளவு பெரிய விஷயமாம்மா?"

"எனக்கு அது ஒரு நாற்காலி சார்" என்று சொல்லி நானே வைத்தேன். அவர் போனை நானே வைத்தது இதுதான் முதல் தடவை. அப்புறம் இரண்டு தோசை கூடுதலாகச் சாப்பிட்டேன்.

நவம்பர் 10, திங்கள்

சர்பாணி தி கூப்பிட்டனுப்பினார். ராஜ்மோகனிடம் எழுத்தில் விளக்கம் கேட்டிருக்கிறார்கள். பதில் வந்திருக்கிறது. நகலை எனக்குக் கொடுத்தார்.

"மேற்படி சர்வீஸ் புத்தகம் என் வசம் இருந்தபோது தொலைந்தது. திருமதி சுலோசனா மீது எந்தத் தவறும் இல்லை. ராஜ்மோகன்."

இங்கிலீஷில்தான் எழுதியிருந்தார். நான் தமிழில் எழுதி வைத்துக்கொள்கிறேன். கையெழுத்து கொஞ்சம் கோணியிருக்கிறது.

"இதைப் பார்த்த பிறகும் ஆட்சேபம் உண்டா என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும், பதினைந்து நாளுக்குள்" என்று ஒரு தாளும் தந்தார். ஆட்சேபமில்லை என்று கையெழுத்திட்டால் அவர் காகிதங்கள் தாணாவுக்குப் போகும்.

திரும்பும்போது ஆட்டோவில் அழுதேன். சந்தோஷமா? இல்லை. இந்த இரண்டு வரியை எழுத ஒரு நிமிஷம்கூட ஆகியிருக்காதே. அந்த ஒரு நிமிஷத்தை 2011-லேயே கொடுத்திருக்கலாமே அந்த மனுஷன்.

ஜெராக்ஸ் மூன்று. ஒன்றை லேமினேட் செய்தேன்.

அனன்யா: "ஹோலோ? ஆச்சா? இப்போவாவது கையெழுத்துப் போடு."

போடுவேன். வருஷத்துக்கு ஒரு நாள் என்று கணக்கு. பதினாலு நாள் உட்காரட்டும்.

நவம்பர் 13

மூன்றாம் நாள். இரண்டு தடவை போன். எடுக்கவில்லை.

நவம்பர் 16

ஆறு. போன் இல்லை.

நவம்பர் 18, செவ்வாய்

எட்டாம் நாள். முதல் பரீட்சை எழுதினேன். சௌமித்ரோ, இரண்டாம் வருஷம், வரலாறு. அருவி மாதிரி சொல்கிறான், என் கை போதவில்லை. ஓரிடத்தில் வருஷத்தைத் தப்பாகச் சொன்னான். எனக்கே தெரிந்த வருஷம். பேனா நின்றுவிட்டது.

"ஏன் நிறுத்தினீர்கள், மாஷிமா?" என்றான் வங்காளத்தில்.

ஒன்றுமில்லை என்று அவன் சொன்ன வருஷத்தையே எழுதினேன். ஆறாவது விதி. வெளியே வந்ததும் சர்பாணி தியிடம் சொன்னேன், மனசே ஆறவில்லை என்று. "பழகிவிடும்" என்றார்.

நவம்பர் 21

பதினொன்று. கோபம் வைத்த இடத்தில் இல்லை, தேடிப் பிடித்துக் கொண்டுவர வேண்டியிருக்கிறது. அந்த ஆளின் "நமக்குள்ள எதுக்கும்மா ரெஜிஸ்டர்?" என்பதைச் சத்தமாகச் சொல்லிப் பார்த்தேன். வந்துவிட்டது.

நவம்பர் 24, திங்கள்

பதினாலாம் நாள். குளித்து, நல்ல புடவை கட்டிக்கொண்டு போனேன். மண்டல் பாபுவின் மேஜையிலேயே உட்கார்ந்து "ஆட்சேபமில்லை" என்று எழுதிக் கையெழுத்திட்டேன். தேதி போட்டேன். ரசீது கேட்டு வாங்கினேன். நமக்குள்ள என்று யாரையும் விடுவதில்லை இப்போதெல்லாம்.

மண்டல் பாபு என் தாளை ராஜ்மோகனின் விவரத்தாளோடு சேர்த்துக் குத்தினார். மேலே இருந்ததால் கண்ணில் பட்டது. அதே அழகான கையெழுத்து. பேர்: ராஜ்மோகன். டைட்டில்: ஸ்ரீ.

தாணாவிலிருந்து ஆள் போய் "ராஜ்மோகன் ஸ்ரீ யார்?" என்று கேட்பார். கீழ்வீட்டில் அப்படி யாரும் இல்லை என்பார்கள். அப்புறம் அலிப்பூர் கோர்ட், டைப் அடிக்கிறவர், சாப்பிடப் போன நோட்டரி.

மண்டல் பாபு உறையை ஒட்டும் முன் நிமிர்ந்து, "எல்லாம் சரியாக இருக்கிறதா, தீதி?" என்று கேட்டார்.

பேனா கையில்தான் இருந்தது. மூடி போட்டு, பையில் வைத்துக்கொண்டேன்.

ஆறாவது விதி. பழகிவிட்டது.