முரசு கொட்டாத நாட்கள்

நாள்: போட வழியில்லை

கோபுரத்தில் காவல் இருக்கும் என் வீட்டுக்காரருக்கு,

கீழே நாங்கள் மூன்று பேரும் நலம். மூன்று என்று எழுதியது கைத்தவறு இல்லை. நீங்கள் அப்பாவாகிவிட்டீர்கள். பெண் குழந்தை. என்றைக்கு என்று மட்டும் கேட்காதீர்கள். நான் கடைசியாகத் தூங்கி எழுந்ததற்கு முன்னால் பிறந்தாள், அவ்வளவுதான் சொல்ல முடியும்.

சாம்பல் மாதம் முடிந்து, சின்ன நிலா பெரிய நிலாவுக்குப் பின்னால் ஒளிந்து, நாலைந்து இரவில் மறுபக்கம் எட்டிப் பார்க்கும், நீங்கள் முரசு கொட்டுவீர்கள், தளிர் மாதத்து முதல் நாள் பிறக்கும், அதற்கப்புறம் இவள் சாவகாசமாக வருவாள் என்றுதான் கணக்குப் போட்டோம். மருத்துவச்சியும் அப்படித்தான் சொன்னாள். இவள் அவசரக்குடுக்கை. அந்தக் குணம் என் பக்கத்திலிருந்து வந்தது, ஒப்புக்கொள்கிறேன். நிலா என்னடாவென்றால் மேகத்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டு வரமாட்டேன் என்கிறது.

பிரசவத்தை அத்தை ஒருத்தரே பார்த்தார். கதவில் வெளிப்பூட்டு, ஜன்னல்களில் பலகை, அடுப்படியில் கூடை நுழைகிற அளவுக்கு ஒரே ஒரு திறப்பு. சாம்பல் மாதம் முடிந்து முரசு கொட்டுகிறவரை, நாளுக்கு எண் இல்லாத இந்த நேரத்தில் நடக்கிற திருட்டையும் வெட்டுக்குத்தையும் எந்த மன்றத்திலும் விசாரிக்க முடியாதாம், அதனால் ஊரையே பூட்டிவிடுவதாம். இதைக் கண்டுபிடித்த புண்ணியவான் வீட்டில் யாரும் பிள்ளை பெற்றிருக்க மாட்டார்கள். புகை வெளியே போகவில்லை. துணி காயவில்லை. மாவு பானையின் அடிக்கு வந்துவிட்டது. பலகை இடுக்கில் வெளிச்சம் வந்தால் பகல், போனால் இரவு. எனக்கு மூச்சு முட்டுகிறது. வாய்விட்டுக் கத்த வேண்டும்போல் இருக்கிறது, ஆனால் கத்தினால் இவள் எழுந்துவிடுவாள்.

இவள் எழுந்து அழுதால்தான் ஆபத்து. சுவருக்கும் காது உண்டு, அதிலும் நம் சுவருக்கு அந்தப் பக்கம் பாத்திரக்காரர். சாக்கடைச் சண்டையிலிருந்து நம் முகத்தைப் பார்த்தாலே காறித் துப்புகிறவர். எண்ணாத நாளில் பிறந்தவள் என்று அவர் ஒரு வார்த்தை சாட்சி சொன்னால் போதும், இவள் பெயர் ஊர் ஏட்டில் ஏறாது. அதனால் பிள்ளை அழும்போதெல்லாம் அத்தை பாட ஆரம்பித்தார். அத்தையின் பாட்டைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டாம். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தாலும் மறைக்கலாம், அந்தக் குரலில் ஒரு பச்சைப்பிள்ளையின் அழுகையை மறைக்க முடியவில்லை. கடைசியில் அவருக்குத் தொண்டையும் கட்டிவிட்டது. இவள் வீறிட்டாள். நான் வாயைப் பொத்தினேன். என் பிள்ளையின் வாயை நானே பொத்தினேன்.

அப்போது சுவருக்கு அப்பால் சுத்தியல் சத்தம் கேட்டது. எண்ணாத நாட்களில் தொழில் செய்தால் பட்டறையை இழுத்து மூடிவிடுவார்கள் என்று அவருக்குத் தெரியாதா? இவள் அழுகிறவரை அடித்தார், இவள் ஓய்ந்ததும் ஓய்ந்தார். பிறகு சுவரோரமாக, "புள்ளைக்குப் பசிக்குது போல, பாலக் குடும்மா" என்றார். அத்தை சுவரைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். இனி சாக்கடையை அவர் எந்தப் பக்கம் திருப்பினாலும் நான் வாய் திறக்க மாட்டேன்.

இன்னொருவருக்கும் தெரியும். இந்தக் கடிதத்தைக் கொண்டுவருகிற கூடைக்காரருக்கு. ஊரே பூட்டிக்கிடக்க அவர் மட்டும் தெருவில் நடப்பதைச் சின்ன வயதில் பார்த்துப் பொறாமைப்பட்டிருக்கிறேன். எண்ணாத நாளில் பிறந்தவர், ஏட்டில் இல்லாதவர், ஆளே இல்லாதவருக்குப் பூட்டு எதற்கு என்பதுதான் சட்டம் என்று பிறகுதான் தெரிந்தது. பள்ளிக்கூடம் இல்லை, கூலி இல்லை, கல்யாணம் இல்லை. வயதைக் கேட்டால் சிரிப்பார். மிச்ச நாளெல்லாம் மாட்டுத் தொழுவத்தில் படுக்கை. நானே அவரை எத்தனையோ முறை "ஏய் கூடை" என்று கூப்பிட்டிருக்கிறேன்.

இன்று திறப்பில் முகத்தை வைத்து, "பொண்ணாம்மா?" என்று மெதுவாகக் கேட்டார். ஆமாம் என்றேன். "என்ன மாதிரி இன்னொரு ஆள் வந்தா எனக்குப் பேச்சுத் துணைதான். ஆனா வேணாம்மா. எனக்குத் துணையே வேணாம்" என்றார். அப்புறம் எனக்கு எழுதக் கை ஓடவில்லை. இவ்வளவு நேரம் அழுதுவிட்டு இப்போதுதான் உட்கார்ந்தேன். அவர் வெளியே காத்திருக்கிறார்.

முரசு கேட்டதும் மருத்துவச்சி வீடு வீடாக வந்து புதுப்பிள்ளைகளைப் பார்ப்பாள். தொப்புள்கொடி பச்சையாக இருந்தால் இன்றைக்குப் பிறந்ததென்று ஏட்டில் ஏற்றுவாள். இவளுக்கு இன்னும் ஈரம் இருக்கிறது, ஓரம் மட்டும் கறுக்கத் தொடங்கிவிட்டது. அத்தை எண்ணெய் தொட்டுத் தொட்டு வைக்கிறார். எண்ணெய் எத்தனை நேரம் தாங்கும்?

மேகத்துக்குப் பின்னால் நிலா எப்போதோ வெளியே வந்திருக்கும் என்கிறார் அத்தை. எனக்கும் அப்படித்தான் படுகிறது. ஆனால் கண்ணால் பார்க்காமல் முரசுக் கோலைத் தொடமாட்டேன் என்று சத்தியம் செய்துதான் ஏறினீர்கள். பொய் முரசு கொட்டினவனின் பெயரை ஏட்டிலிருந்து அடித்துவிடுவார்கள், அதற்கப்புறம் தொழுவத்தில்தான் படுக்கை என்பதும் தெரியும். கல்யாணமான புதிதில், உறவெல்லாம் உட்கார்ந்திருக்க, என் சமையல் எப்படி என்று கேட்டவர்களிடம் "வாயில வைக்க முடியல" என்று சொன்ன மனிதர் நீங்கள். அன்றைக்கு உங்களைக் கொன்றுபோடலாம் என்றிருந்தது. பிறகு நீங்கள் என்னைப் பிடித்திருக்கிறது என்று சொன்னபோது, இந்த வாய் சொன்னால் நம்பலாம் என்று நம்பினேன். இன்றுவரை நம்புகிறேன்.

ஆகவே நான் எதையும் கேட்கவில்லை. உங்களைக் கொடுத்து இவளுக்கு ஒரு நாளை வாங்கச் சொல்லி எந்தக் கையால் எழுதுவேன்? இவள் தொழுவத்துக்குப் போகட்டும் என்றும் எழுத வரவில்லை. கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு வானத்தைப் பாருங்கள், அது போதும்.

கூடையில் ரொட்டி இருக்கிறது. உப்பு சரியாக இருக்கிறது, அத்தை ருசி பார்த்துவிட்டார். அடியில் ஒரு துணி வைத்திருக்கிறோம். முரசுக் கோலின் தலையில் சுற்றிய துணி நைந்துவிட்டது என்று போகும்போது சொன்னீர்களே, அதற்காக. இவளைப் பிறந்ததும் சுற்றியிருந்த துணி அது. துவைக்காமல்தான் அனுப்புகிறோம்.

சாப்பிட்டுவிட்டு அதைக் கோலில் சுற்றி வையுங்கள்.

காதைத் தீட்டிக்கொண்டு காத்திருக்கும்,
உங்கள் மனைவியும்
இன்னும் பிறக்காத உங்கள் மகளும்