கோணல் சுண்டுவிரல்

அன்பு மகளுக்கு,

நான் நலமாக இருக்கிறேன், முழங்கால் மட்டும் தன் இஷ்டத்துக்கு நடந்துகொள்கிறது. நீயும் நேரத்துக்குச் சாப்பிட்டு, குளிருக்குக் காதை மூடிக்கொண்டு நலமாக இருப்பாய் என்று நம்புகிறேன், இங்கிருந்து நம்புவதைத் தவிர வேறென்ன செய்ய முடியும். மாடிக் குழாய் ஒழுகுவது நின்றுவிட்டது. கல்லூரியில் துறைத்தலைவர் பதவியை இந்த முறை என்னிடம் படித்தவனுக்கே கொடுத்துவிட்டார்கள். அவன் வந்து ஆசீர்வாதம் வேறு கேட்டான். செய்தேன், முழு மனதோடு என்று சொல்ல மாட்டேன்.

உன் பெரியப்பாவின் ஓவியக் கண்காட்சித் திறப்பு விழாவில் என்ன பேசினீர்கள் என்று நீ போனில் கேட்டபோது, பால் பொங்குகிறது என்று சொல்லி வைத்துவிட்டேன். அடுப்பில் பால் இல்லை. "அப்பா, அங்க போய் பழசையெல்லாம் கிளறாதீங்க, பெரியப்பா போய் ஆறு மாசம்கூட ஆகல" என்று நீ முதல் நாளே சொல்லியிருந்தாய். கிளறுவதற்காகத்தான் போனேன். மேடையில் கிடைக்கும் ஐந்து நிமிடத்தில் என்ன சொல்ல வேண்டும் என்று குளியலறைக் கண்ணாடி முன்னால் பேசிக்கூடப் பார்த்துவிட்டேன்.

குழந்தைகள் பத்திரிகையில் முப்பது வருஷம் அவர் வரைந்த அந்தப் பனிநாடு முழுவதையும் சுவரில் மாட்டியிருந்தார்கள். ஆந்தை முகக் காவலர்கள், கண்ணாடி மரம், மிதக்கும் ஊர், கிழட்டு ராணி. எல்லோரும் வழக்கம்போல முழங்கால் வரை பனியில் நிற்கிறார்கள். அந்தப் பனி வேரற்ற மனிதனின் துயரம் என்று ஓர் அறிஞர் பேசினார். உன் பெரியப்பாவுக்குப் பாதம் வரைய வராது. எந்தப் பாதம் போட்டாலும் சோற்றுக்கரண்டி மாதிரி வரும், அதனால் ஒரு நாட்டையே பனியில் முக்கிவிட்டார். அடுத்தது விரல். பனிநாட்டில் ராணி முதல் திருடன் வரை எல்லோருக்கும் வலது சுண்டுவிரல் கோணலாக இருக்கும் அல்லவா, அது உடைந்த சத்தியத்தின் குறியீடாம். வாசகர்கள் ஒருவரையொருவர் பார்த்தால் சுண்டுவிரலைக் கோணலாக்கிக் காட்டித்தான் வணக்கம் சொல்கிறார்கள்.

அது குறியீடு இல்லை, என் விரல் என்று உனக்குத் தெரியும். மாடி அறையின் ஒரே ஜன்னலும் மேசையும் அவருக்கு, மாடிப்படிக்குக் கீழே இருந்த குண்டு பல்பு எனக்கு என்றுதான் எங்கள் வீட்டில் பங்கு பிரிந்தது. பதினோரு வயதில் என் ஜியாமெட்ரி பாக்ஸை எடுக்க உள்ளே போனேன், வரையும்போது வராதேடா என்று கதவை அறைந்து சாத்தினார், விரல் நடுவில் இருந்தது. எலும்பு கோணலாகவே கூடிவிட்டது. அதற்கப்புறம் மாடலுக்குக் கொடுக்கக் காசில்லாமல் அந்தக் கையையே பிடித்துக்கொண்டார். ராணியின் செங்கோலுக்குத் துடைப்பம், துடுப்புக்கு அகப்பை. என் தேர்வுக்கு முந்தைய நாள் மத்தியானம் முழுக்கத் துடைப்பத்தோடு நின்றேன். விரலை நேரா வைடா என்பார், நேரா வந்தா வைக்க மாட்டேனா என்பேன், சரி கோணலாவே இருக்கட்டும் என்று வரைந்துவிடுவார். உனக்கு நான்கு வயதில், யாரும் சொல்லாமலே, புத்தகத்தை என் கைப் பக்கத்தில் வைத்துப் பார்த்து ராணிக்கு அப்பா கை என்று கத்தினாய். அன்றிலிருந்து உன் அம்மா என்னை, மகாராணி கொஞ்சம் கடைக்குப் போய்ட்டு வாங்க என்றுதான் சொல்வாள்.

பரிசு வாங்கிய வருஷம் பேட்டியில் அவரிடம் கேட்டார்கள், அந்தக் கைகளுக்கு யார் மாடல் என்று. யாருமில்லை, எல்லாம் கற்பனைதான் என்றார். அன்று நான் அவரோடு நிறுத்திய பேச்சுதான். உங்க அண்ணன் விரலைத்தானே எடுத்துக்கிட்டார், வீட்டையா எழுதி வாங்கிட்டார் என்று உன் அம்மா எத்தனையோ முறை சொன்னாள். வீட்டை எடுத்திருந்தால் வழக்காவது போட்டிருக்கலாம்.

மண்டபத்தில் நுழையும்போது வாசலில் இருந்த பெண் சுண்டுவிரலைக் காட்டினாள். மேடை எந்தப் பக்கம் என்று கேட்க நான் கையைத் தூக்கினேன். "சூப்பர் சார், எங்க யாருக்கும் இவ்ளோ கரெக்டா வரவே மாட்டேங்குது" என்றாள். எனக்கு வந்த கோபத்துக்கு அப்போதே மைக்கைப் பிடித்திருப்பேன். ஆனால் மேடைக்குப் பக்கத்தில் அவருடைய கடைசிப் படத்தை வைத்திருந்தார்கள். ஒரு படகோட்டி, துடுப்பின் மேல் வலது கை, அதே கோணல். அதற்கு அடுத்த விரலில் மோதிரம் இல்லை, இருந்த இடத்தில் வெளுத்த ஒரு பள்ளம் மட்டும். உன் அம்மா போன அன்று காலை சோப்பு தேய்த்து என் விரலில் இருந்த மோதிரத்தைக் கழற்றி உன் கட்டைவிரலில் போட்டேனே, அந்தப் பள்ளம். சாயங்காலம் உன் பெரியப்பா வந்து சுவரோரமாக நின்றுவிட்டுப் போனார். பார்த்தியா, ஒரு வார்த்தை கேட்டாரா என்று உன்னிடம் பொருமினேன். வாயைத் திறக்கவில்லை, என் கையைத்தான் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார்.

மேடையில், என் அண்ணனுக்குப் பாதம் வரைய வராது என்று மட்டும் சொன்னேன். எல்லோரும் சிரித்தார்கள், இறங்கி வந்துவிட்டேன். விரலைப் பற்றிப் பேசவில்லை. மன்னித்துவிட்டேன் என்று நினைத்துக்கொள்ளாதே. அவ்வளவு உன்னிப்பாகப் பார்த்த மனிதர் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்.

எந்தக் குறையும் அண்டாமல் நீ நிறைவாக வாழ வேண்டும், அம்மாவின் ஆசியும் அதில் சேர்ந்தே இருக்கிறது. மோதிரம் லூசாக இருந்தால் உள்பக்கம் நூல் சுற்றிக்கொள், பாத்திரம் தேய்க்கும்போது நழுவிவிடும். கண்காட்சி மழைக்காலம் முடியும்வரை இருக்குமாம். லீவு கிடைத்தால் வா, சின்னப் பிள்ளையில் செய்த மாதிரி அந்தப் படத்துப் பக்கத்தில் என் கையை வைத்துப் பார்த்து, அது நான்தானா என்று நீ சொல்ல வேண்டும். எனக்கு என் கண்ணில் நம்பிக்கை இல்லை.

இப்படிக்கு,
உன் அப்பா