இரண்டாவது கோடு

என் அருமை வழிகாட்டியே,

மோவாபில் ஒரு நாள், சால்ட் லேக் சிட்டியில் ரெண்டு நாள், அப்புறம் யெல்லோஸ்டோன் தேசியப் பூங்கா. கோடை விடுமுறைக்கு நீ போட்ட திட்டம் பிரமாதம். ஐஸ் பெட்டியைக்கூடக் கழுவி வெச்சிட்டேன்.

பூங்கா வாசல்ல காட்டுற வருஷ அட்டையை உன் கார்ல தேடி எடுத்தேன். பின்பக்கம் ரெண்டு பேர் கையெழுத்துப் போட ரெண்டு கோடு. முதல் கோட்டுல நீ. ரெண்டாவதுல உன் ஆபீஸ் மார்லிஸ். பேருக்குப் பக்கத்துல ஒரு பூ வேற வரைஞ்சிருக்கா.

"செப்டம்பர்ல பூங்காவுக்கு மீன் பிடிக்கத் தனியாத்தான் போனேன், ஒரு மீன்கூட சிக்கல"ன்னு மூஞ்சியத் தொங்கப் போட்டுக்கிட்டு வந்தியே! பாவம்னு சூப் வெச்சுக் கொடுத்தேன்.

புது அட்டை வாங்கிட்டேன். முதல் கோட்டுல என் கையெழுத்து. காரையும் நானே எடுத்துட்டுப் போறேன். ரெண்டாவது கோட்டுல யாருன்னு நீ வீட்டுல உட்கார்ந்து யோசி.

இப்போதைக்கு,
உன் மனைவி