முகத்தில் பாதி இருட்டு

செவ்வாய்க்கிழமை, இரவு.

இவர் போய் முப்பத்தோராம் நாள் வீடு வீடாகக் கொடுக்கிற நினைவுப் புத்தகத்துக்கு இவருடைய படம் நாளைக்கு அச்சகத்துக்குப் போக வேண்டும். இவருடைய தம்பி ஒன்று அனுப்பியிருந்தார். பழைய பாஸ்போர்ட் படத்துக்குக் கம்ப்யூட்டரில் கோட்டும் டையும் போட்டிருக்கிறார்கள். இவர் கோட் போட்டு நான் ஒருநாளும் கண்டதில்லை.

பின்னேரம் சின்ன மகள் தான் கீறிய படத்தைக் கொண்டுவந்து, குசினியில் நான் கறிக்கு வெட்டிக்கொண்டிருந்த மேசையில் வைத்தாள். ஓவியம் படிக்கிறவள். எல்லாம் மண்ணிறம். ஒரு கன்னத்தில் மட்டும் வெளிச்சம், மற்றப் பக்கம் இருட்டு.

“என்ன பிள்ளை, அப்பாவைக் கரண்ட் இல்லாத நேரம் கீறினனியோ?” என்று கேட்டுவிட்டேன்.

“ரெம்பிராண்ட் எண்டு ஒரு டச்சுக்காரர் இப்பிடித்தான் அம்மா கீறினவர். தன்ர முகத்தையே கிழவனாய், சுருக்கத்தோட, ஒண்டையும் மறைக்காமல்.”

“ஒல்லாந்துக்காரனுக்குச் சரி. எங்கட சனம் என்ன சொல்லும்? கோட் போட்ட படத்தையே குடு.”

“ஓகே அம்மா,” என்றாள். சாப்பிடாமல் அறைக்குள் போய்விட்டாள்.

இப்போதுதான் படத்தைச் சரியாகப் பார்த்தேன். கடைசிக் கிழமை, ஏழு நாளும், வெஸ்ட்மீட் ஆஸ்பத்திரிக் கட்டிலில் இருந்த அதே முகம். கண்ணுக்குக் கீழே அந்த வீக்கமும் இருக்கிறது. அப்போது நான் அந்த முகத்தை நேரே பார்க்கவில்லை. போர்வையைத்தான் இழுத்து இழுத்துச் சரி செய்துகொண்டிருந்தேன். அவள் பார்த்திருக்கிறாள்.

கோட்டுக்காரரை ஊருக்குக் கொடுக்கலாம். இவரை வீடு வீடாகக் கொடுக்க எனக்கு மனமில்லை. தன்னுடைய படம் எனக்குப் பிடிக்காமல்தான் வேண்டாமென்றேன் என்று பிள்ளை நினைத்துக்கொண்டு கிடக்கிறாள். அவளுடைய அறையில் இன்னும் லைட் எரிகிறது. எழும்பிப் போய்ச் சொல்ல வேண்டும். கால் வருகுதில்லை.